சரக்கோடு வந்த சிலந்தி

(பெண்ணாடத்தில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



பெண்ணாடத்தில் சிலந்தியைப் பற்றிப் பேச வேண்டும் என்றதும் எனக்குக் கொஞ்சம் தயக்கம் வந்தது. இது யானையின் ஊர். பிரளயகாலேசுவரர் கோயில் விமானமே படுத்த யானையின் முதுகாக எழுந்திருக்கிறது. அதனால்தான் தூங்கானை மாடம் என்று பெயர். யானைக்கும் சிலந்திக்கும் ஆகாது என்பது சைவர்களுக்குச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. திருவானைக்காவில் சிலந்தி கட்டிய வலைப் பந்தலை யானை பிய்த்துப் போட்டது, கோபித்த சிலந்தி துதிக்கைக்குள் புகுந்து கடித்தது, இரண்டும் மாண்டன. அந்தச் சிலந்தியே கோச்செங்கட் சோழனாகப் பிறந்து, யானை ஏற முடியாத மாடக்கோயில்களைக் கட்டியது என்பார்கள். மறுபிறவியிலும் பகை ஆறவில்லை பாருங்கள்.

புராணத்தைப் புராணமாகவே வைத்துக்கொள்வோம். ஆனால் சிலந்தி கடித்தால் யானையே சாயும் என்கிற அந்த எண்ணம் நம் மனத்தை விட்டுப் போகவில்லை. அதிலும் சிலந்தி வெளிநாட்டுக்காரன் என்றால் பயம் இரண்டு மடங்கு. கைப்பேசியில் மாதம் ஒரு படம் வருகிறது: 'கொடிய விஷச் சிலந்தி இந்தியாவுக்குள் நுழைந்துவிட்டது, உடனே பத்துப் பேருக்கு அனுப்புங்கள்.' உண்மையாகவே நுழைந்தவை எவை, எப்படி நுழைந்தன, அவற்றால் என்ன ஆபத்து என்பதைத்தான் இன்று பேசப் போகிறேன்.

நம் மாநிலத்தில் நடந்த ஒரு சம்பவத்திலிருந்து தொடங்குகிறேன். 2021 ஜூலையில் சென்னைக்கு வெளிநாட்டுத் தபாலில் ஒரு பார்சல் வந்தது. அனுப்பிய நாடு போலந்து. சேர வேண்டிய ஊர் அருப்புக்கோட்டை. சுங்கத்துறையினர் சந்தேகப்பட்டுப் பிரித்தார்கள். உள்ளே தெர்மாகோல் பெட்டி. அதற்குள் வெள்ளித்தாளும் பஞ்சும் சுற்றிய சின்னச் சின்ன பிளாஸ்டிக் குப்பிகள், மொத்தம் 107. ஒவ்வொன்றிலும் உயிரோடு ஒரு சிலந்தி. வனவிலங்குக் குற்றத் தடுப்புப் பிரிவினரும் இந்திய விலங்கியல் ஆய்வகத்தின் விஞ்ஞானிகளும் வந்து பார்த்து, இவை டாரன்டுலா வகை, மெக்சிகோவையும் மத்திய, தென் அமெரிக்காவையும் சேர்ந்தவை என்றார்கள். இறக்குமதி உரிமமும் இல்லை, சுகாதாரச் சான்றும் இல்லை. பார்சலைப் போலந்துக்கே திருப்பி அனுப்ப ஏற்பாடாயிற்று.

இதில் திகைக்க வேண்டிய இடம் அருப்புக்கோட்டை. பெருநகரத்துப் பணக்காரர் வீட்டு அலங்காரத்துக்கு வரவில்லை; நெசவுக்குப் பேர்போன ஒரு சிறு நகரத்துக்குத் தபாலில் வருகிறது. கிளியும் மீனும் வளர்த்த கை இப்போது சிலந்தி வளர்க்க ஆசைப்படுகிறது. இணையத்தில் பணம் கட்டினால் போலந்துக்காரர் அனுப்பிவிடுகிறார். நாளைக்கே பெண்ணாடம் தபால் நிலையத்துக்கு ஒரு பார்சல் வந்தாலும் நான் ஆச்சரியப்பட மாட்டேன்.

சரி, அந்த 107 சிலந்திகளும் தப்பி ஓடியிருந்தால் என்ன ஆகியிருக்கும்? பெரிதாக ஒன்றும் ஆகியிருக்காது. அமெரிக்க டாரன்டுலாக்கள் பார்க்கத்தான் பயங்கரம். கடித்தால் குளவி கொட்டிய அளவுக்கு வலிக்கும். அவற்றின் பெரிய ஆயுதம் விஷமே அல்ல, வயிற்றின் மேலிருக்கும் சுணை மயிர். எதிரி வந்தால் பின்னங்காலால் அதை உதைத்துப் பறக்கவிடும். கண்ணில் பட்டால் சங்கடம்தான். நம் ஆசியப் பக்கத்து டாரன்டுலாக்களுக்கு அந்தச் சுணை கிடையாது. பதிலுக்கு விஷம் அவற்றைவிட வீரியமானது. கடிபட்டால் தசை இழுத்துப் பிடிக்கும், அந்தப் பிடிப்பு சில நாள் விட்டு விட்டு வரும். ஆக, கடல் தாண்டி வந்ததைவிட நம் மண்ணில் பிறந்ததற்குத்தான் வீரியம் அதிகம். ராமேசுவரம் தீவில் அனுமவிலாசம் கோயில் தோப்பில் 2004இல் அந்த வகை மரச் சிலந்தி ஒன்றைக் கண்டு விவரித்து, அந்தக் கோயிலின் பெயரையே வைத்தார்கள். இத்தனை காலம் ராமேசுவரம் போய்வரும் பக்தர் எவரையும் அது துரத்தியதாகச் செய்தி இல்லை. மரப் பொந்தை விட்டு வெளியே வரவே அதற்குக் கூச்சம். இன்று அற்றுப்போகும் அபாயத்தில் இருப்பது அதுதான்.

இடம் மாறிய சிலந்தி என்றால் எனக்கு மிகவும் பிடித்த கதை குத்தியில் நடந்தது. குத்தி ஆந்திரத்தின் அனந்தபூர்ப் பக்கம் இருக்கும் ரயில் சந்திப்பு. சென்னையிலிருந்து மும்பை போகிறவர்கள் தாண்டிப் போகும் ஊர். 1899இல் போகாக் என்ற ஆங்கிலேய விலங்கியலாளர் ஒரு புதுச் சிலந்தியை விவரித்து எழுதினார். உடம்பெல்லாம் மயில்கழுத்து நீலம், காலில் மஞ்சள் திட்டு. கிடைத்த இடம் குத்தி ரயில்வேயின் மரக்கிடங்கு. கிடைத்தது ஒன்றே ஒன்று. அதற்குப் பிறகு நூறு ஆண்டுகளுக்கு மேல் அதை யாரும் பார்க்கவில்லை. அழிந்தே போயிற்று என்று நினைத்தார்கள். 2001இல் மறுபடி அகப்பட்டது. குத்தியில் இல்லை, அங்கிருந்து ஏறக்குறைய 100 கிலோமீட்டர் கிழக்கே, நந்தியாலுக்கும் கித்தலூருக்கும் இடையிலுள்ள காட்டில், பழைய மரப் பொந்துகளில்.

அப்போதுதான் விஷயம் விளங்கியது. அந்த 1899ஆம் ஆண்டுச் சிலந்தி குத்திக்காரனே இல்லை. காட்டில் வெட்டிய மரத்தின் பொந்தில் உட்கார்ந்தபடியே ரயிலேறி வந்திருக்கிறது. இறங்கிய இடத்தையே பிறந்த ஊராக அறிவியல் எழுதி வைத்துக்கொண்டது. நீங்களும் ரயில் பாதை ஓரத்து ஊர்க்காரர்கள்; விழுப்புரம் திருச்சி தடத்தில் சரக்கு வண்டிகள் போவதைத் தினமும் பார்க்கிறீர்கள். ஒவ்வொன்றிலும் பயணச்சீட்டு வாங்காத எட்டுக்கால் பயணிகள் இருப்பார்கள். விருத்தாசலத்துப் பீங்கானை வைக்கோலில் பொதிந்து லாரியேற்றுகிறோமே, அந்த வைக்கோலில் நம் வயல் சிலந்தி எத்தனை போகின்றன என்று யார் எண்ணியிருக்கிறார்கள்?

சரக்கு வண்டி வருவதற்கு முன்பும் சிலந்திகள் ஊர் சுற்றியவைதான். பொரித்து வெளிவந்த குஞ்சுச் சிலந்தி புல்நுனியில் ஏறி, வயிற்றைத் தூக்கி, நூலை விடும். காற்று நூலைப் பிடித்தால் குஞ்சும் பறக்கும். பனிக்காலத்துக் காலையில் அறுவடை முடிந்த வயலில் சாய்ந்த வெயிலில் பாருங்கள், தாளுக்குத் தாள் நூல் மினுங்கும். 1832இல் டார்வின் பீகிள் கப்பலில் தென் அமெரிக்கக் கரையிலிருந்து 60 மைல் தள்ளிப் போய்க்கொண்டிருந்தபோது, கப்பல் கயிறுகளில் ஆயிரக்கணக்கில் குட்டிச் சிலந்திகள் வந்து இறங்கின. ஆனால் காற்றில் வந்தது பரவ ஆயிரம் ஆண்டு ஆகும். கன்டெய்னரில் வந்தது பத்தாண்டில் பரவிவிடுகிறது. ஆஸ்திரேலியாவின் செம்முதுகுச் சிலந்தியை ஜப்பானின் ஒசாகா பக்கத்தில் முதலில் கண்டது 1995இல். இன்று ஜப்பானின் பெரும்பகுதியில் அது இருக்கிறது.

இந்தியாவிலும் அப்படி ஒன்று வந்து தங்கிவிட்டது. பழுப்பு விதவைச் சிலந்தி. கருப்பு விதவை என்று கேள்விப்பட்டிருப்பீர்களே, அதன் சொந்தக்காரி. ஆப்பிரிக்காவில் தோன்றியது என்று பலரும் கருதுகிறார்கள். இந்தியாவில் இருப்பதாக முதல் பதிவு 2007இல் 'கரண்ட் சயின்ஸ்' இதழில் வந்தது. இதைக் கண்டுபிடிப்பது சுலபம். பிளாஸ்டிக் நாற்காலியைக் கவிழ்த்துப் பாருங்கள். பூந்தொட்டி விளிம்பின் அடியில் பாருங்கள். ஒழுங்கில்லாத, கைப்பட்டால் பட்பட்டென்று அறுகிற வலை இருக்கும். கால்களில் பட்டை பட்டையாக நிறம். வயிற்றின் அடியில் உடுக்கை வடிவத்தில் ஆரஞ்சுக் குறி. பக்கத்திலேயே முட்டைப் பை தொங்கும். நெருஞ்சிக் காயைப் போல உருண்டையாக, சுற்றிலும் முள் முள்ளாக. அந்த முள் பையைப் பார்த்துவிட்டால் வேறு அடையாளமே வேண்டாம்.

துளிக்குத் துளி வைத்துப் பார்த்தால் அதன் விஷம் வீரியமானதுதான். ஆனால் அது செலுத்துவது கொஞ்சம். தொட்டால் கால்களைச் சுருக்கிக்கொண்டு கீழே விழுந்து செத்தது மாதிரி கிடக்கும், கடிக்காது. நாற்காலியைத் தூக்கும்போது விரலுக்கும் விளிம்புக்கும் நடுவில் நசுங்கினால் கடிக்கும். பெரும்பாலும் கடித்த இடத்து வலியோடு போய்விடும். நாற்காலியைத் தூக்குமுன் அடியில் ஒருமுறை துடைப்பத்தால் தட்டுங்கள். அவ்வளவுதான் அதற்குச் செய்ய வேண்டியது.

இந்தப் போக்குவரத்து ஒருவழிப் பாதையும் அல்ல. நம் வீட்டுச் சுவரில் தட்டையாக ஒட்டி, கரப்பானைத் துரத்திப் பிடிக்கும் பெரிய சிலந்தியைப் பார்த்திருப்பீர்கள். பெண் சிலந்தி வட்ட வில்லையாக முட்டைப் பையை நெஞ்சுக்கடியில் சுமந்துகொண்டு திரியும். ஆசியாவைச் சேர்ந்த அது, கப்பல் கப்பலாகப் போய் வெப்பநாடுகள் எங்கும் குடியேறிவிட்டது. அமெரிக்காவில் வாழைத்தாரிலிருந்து இது எட்டிப் பார்த்தால் அலறுகிறார்கள், பிரேசில் நாட்டுக் கொலைகாரச் சிலந்தி என்று. வெளிநாட்டுச் சரக்கில் பிடிபட்ட 135 சிலந்திகளை அங்கே நிபுணர்கள் ஆராய்ந்தபோது, அதிகம் இருந்தவற்றில் ஒன்று இந்தச் சாதுதான். அஞ்சிய பிரேசில் இனத்தின் வகையறா ஒரு சில மட்டுமே. நம் ஊர்ச் சுவர்ச் சிலந்தி அங்கே போய்ப் பூச்சாண்டி ஆகிவிட்டது.

இனி சதியாவுக்கு வருகிறேன். அசாமின் தின்சுகியா மாவட்டத்தில் இருக்கும் ஊர். 2012 மே மாதம் அங்கே பிஹூ விழாக் கூட்டத்தில் சிலந்திகள் படையாகப் புகுந்து கடித்தன, இரண்டு பேர் இறந்தார்கள் என்ற செய்தி உலகம் முழுக்கப் போயிற்று. ஆஸ்திரேலியாவின் கொடிய புனல்வலைச் சிலந்தி எப்படியோ அசாமுக்கு வந்துவிட்டது என்று கூட ஊகம் கிளம்பியது. திப்ருகர் பல்கலைக்கழகத்திலிருந்தும் குவாஹாத்தியிலிருந்தும் ஆட்கள் போனார்கள். அவர்கள் கைக்கு அகப்பட்டது, அந்தப் பக்கத்து மண்ணில் வளை தோண்டி வாழும் ஒரு டாரன்டுலா வகையாகத் தெரிந்தது. வெளியூர்க்காரன் என்பதற்கு ஆதாரம் கிடைக்கவில்லை. அந்த விஷம் ஆளைக் கொல்லும் என்பதற்கும் ஆதாரம் இல்லை.

அப்படியானால் இறந்தவர்கள்? கடிபட்டவர்கள் முதலில் போனது உள்ளூர் மந்திரவாதியிடம். அவர் கடிவாயை பிளேடால் கீறி ரத்தத்தை வெளியேற்றியிருக்கிறார். புண்ணைச் சுட்டதும் உண்டு. பிறகு மருத்துவமனைக்கு வந்தவர்களுக்குப் புண் சீழ் வைத்திருந்தது. டாக்டர்கள் ஆன்டிபயாடிக் கொடுத்தார்கள். இறந்த இருவரையும் பிரேதப் பரிசோதனைக்கு முன்பே எரித்துவிட்டார்கள். சிலந்தி விஷமா, பிளேடா, சீழா, இதயமா என்று இனிமேல் எவராலும் சொல்ல முடியாது. ஆனால் தீர்ப்பு மட்டும் சிலந்தி மேல் எழுதியாயிற்று. ஊர் முழுக்க டி.டி.டி. அடிக்கலாமா என்று அதிகாரிகள் யோசிக்கும் அளவுக்குப் போனது பீதி.

சைவ சித்தாந்த ஆசான் மெய்கண்டார் பிறந்த ஊரில் இதைச் சொல்ல எனக்கு உரிமை உண்டென்று நினைக்கிறேன். அவர் மாணவர் அருணந்தி சிவாச்சாரியார் சிவஞான சித்தியாரின் சுபக்கத்தில் கடவுளைப் பற்றிப் பேசுமுன் முதலில் வைத்தது அளவையை. காட்சி, கருதல், உரை. ஒன்றை உண்மை என்று எதை வைத்து ஏற்பாய் என்ற கேள்வி. சிலந்திக் கடி என்று வருகிறவர்களிடம் நான் கேட்பது அதைத்தான். சிலந்தியைப் பார்த்தீர்களா? அது கடித்ததைப் பார்த்தீர்களா? பத்தில் ஒருவர் கூடப் பார்த்திருக்க மாட்டார். காலையில் எழுந்தால் ஒரு தடிப்பு. மூலையில் ஒரு வலை. இரண்டையும் முடிச்சுப் போட்டாயிற்று. காட்சியும் இல்லை, கருதலும் சரியில்லை, பக்கத்து வீட்டுக்காரர் உரை மட்டும் இருக்கிறது.

அமெரிக்காவில் கான்சாஸ் மாநிலத்தில் ஒரு வீடு. 2001இல் ஆறு மாதத்தில் அந்த வீட்டிலிருந்து பிடித்த பழுப்பு ஒதுங்கிச் சிலந்திகள் 2,055. தோலை அழுகவைக்கும் விஷம் உள்ள இனம் அது. வீட்டில் இருந்த குடும்பத்தில் ஒருவருக்குக்கூடக் கடி இல்லை. அதே கூட்டத்தைச் சேர்ந்த சிலி நாட்டுச் சிலந்தி, பின்லாந்தின் ஹெல்சின்கி பல்கலைக்கழக அருங்காட்சியகக் கட்டடத்தில் 1960களிலிருந்து குடியிருக்கிறது. குளிர் நாட்டில் வெப்பமான அடித்தளம் கிடைத்தது, தங்கிவிட்டது. ஊழியர்கள் அதோடு வேலை பார்த்துக்கொண்டுதான் இருக்கிறார்கள். உலகில் 50,000க்கு மேல் சிலந்தி இனங்கள். ஏறக்குறைய எல்லாவற்றுக்கும் விஷம் உண்டு, ஈயையும் கொசுவையும் கொல்ல. மனிதனுக்கு ஆபத்தானவை நான்கைந்து வகையறாக்களே. அவற்றில் மிகப் பொல்லாத சிட்னிப் புனல்வலைச் சிலந்திக்கே 1981இல் மாற்று மருந்து வந்துவிட்டது. அதன் பிறகு அதன் கடியால் யாரும் இறக்கவில்லை.

இவ்வளவு சொல்வது சிலந்திக்கு வக்காலத்து வாங்குவதற்காக மட்டும் அல்ல. தவறான ஆள் மேல் பழி போட்டால் உண்மையான குற்றவாளி தப்பிவிடுகிறான். மூன்று பேரை உங்களுக்கு அடையாளம் காட்டுகிறேன்.

முதல் ஆள் சாது. மழைக்காலத்தில் டியூப்லைட்டுக்கு வரும் ஆரஞ்சும் கருப்புமான மெல்லிய வண்டு. அது கடிக்காது. கழுத்தில் ஊரும்போது நாம் நசுக்கித் தேய்த்தால் அதன் உடம்புச் சாறு தோலைச் சுடும். காலையில் கோடு போட்டது மாதிரி கொப்புளம். 'எட்டுக்கால் பூச்சி மூத்திரம் பெய்துவிட்டது' என்பார்கள். அக்கியையும் இதே கணக்கில் சேர்ப்பவர்கள் உண்டு. அக்கி என்பது சின்னம்மை வைரஸ் உடம்பில் ஒளிந்திருந்து மறுபடி கிளம்புவது. குயவரிடம் போய்க் காவியில் அக்கி எழுதிக்கொள்வது நம் பக்கத்து வழக்கம். மனசுக்கு ஆறுதல் என்றால் எழுதிக்கொள்ளுங்கள், ஆனால் கண்ணுக்குப் பக்கத்தில் வந்தால் அன்றைக்கே டாக்டரிடம் போங்கள்.

இரண்டாவது ஆள் பொல்லாதவன். உண்ணிக் காய்ச்சல். புதரிலும் வரப்பிலும் இருக்கும், கண்ணுக்குத் தெரியாத ஒரு வகைச் சிற்றுண்ணியின் குஞ்சு கடிக்கும்போது பாக்டீரியா உடம்புக்குள் போகிறது. கடித்தது தெரியவே தெரியாது. சில நாள் கழித்துக் காய்ச்சல், தலைவலி, உடம்பு வலி. கடித்த இடத்தில் வலியில்லாத கறுத்த பொருக்கு. அது அக்குளில் இருக்கும், இடுப்பில் இருக்கும், தொடை இடுக்கில் இருக்கும், ஆடை மறைத்திருக்கும். பார்த்தவர்கள் சிலந்திக் கடி என்று மஞ்சள் அரைத்துப் பூசிவிட்டுச் சும்மா இருந்துவிடுகிறார்கள். முற்றினால் நுரையீரல், சிறுநீரகம், மூளை வரை போகும். ஆனால் ஆரம்பத்தில் கண்டுபிடித்தால் டாக்ஸிசைக்ளின் என்கிற விலை குறைந்த மாத்திரையில் அடங்கிவிடும். முற்றிய நோய்க்குக்கூட டாக்ஸிசைக்ளினோடு அசித்ரோமைசினையும் சேர்த்து ஊசியாகக் கொடுத்தால் பலன் கூடுதல் என்று வேலூர் சி.எம்.சி. தலைமையில் நடந்த ஆய்வு 2023இல் வெளிவந்தது. பனி மாதங்களில் நம் வட மாவட்டங்களில் இது சர்வ சாதாரணம்.

மூன்றாவது ஆள் எமன். கட்டுவிரியன். இரவில் தரையில் படுத்திருப்பவரைக் கடிக்கும். பல நேரம் வலி இருக்காது, வீக்கம் இருக்காது, பல் பட்ட தடம்கூடச் சரியாகத் தெரியாது. 'ஏதோ பூச்சி கடிச்சிருக்கும், காணாக்கடி' என்று திரும்பிப் படுத்துவிடுவார்கள். விடியும்போது வயிற்றுவலி, இமை தூக்க முடியாமல் சரியும், பேச்சு குழறும், பிறகு மூச்சுத் தசை நின்றுவிடும். சிலந்தி என்று நினைத்துக்கொண்டிருந்த அந்த மூன்று நான்கு மணி நேரம்தான் உயிரின் விலை. கட்டுவிரியனுக்கு மாற்று மருந்து அரசு மருத்துவமனையில் இலவசமாகவே இருக்கிறது.

கரும்பும் நெல்லும் விளையும் இந்த வெள்ளாற்றங்கரையில் இன்னொன்றும் சொல்லியாக வேண்டும். நெல் வயலில் ஓடித் திரியும் ஓநாய்ச் சிலந்தி ஒரு நாளைக்கு 5 முதல் 15 பூச்சிகளைத் தின்னும். அதில் நெல்லைத் தாக்கும் புகையான் பூச்சியும் அடக்கம். கண்டபடி மருந்தடித்தால் முதலில் சாவது இந்தக் காவல்காரன். பிறகு புகையான் முன்னிலும் அதிகமாகக் கிளம்பி வரும். சதியாவில் மருந்தடிக்க நினைத்தார்கள்; நாம் வயலில் வேறு மருந்தை அடித்துக்கொண்டுதான் இருக்கிறோம்.

கடைசியாகச் சில வேண்டுகோள்கள். தபாலில் சிலந்தி வரவழைக்கும் ஆசை பிள்ளைகளுக்கு வந்தால் தடுங்கள். அது சட்ட விரோதமாகும், சிலந்திக்கும் நல்லதில்லை. சிலந்தி கடித்ததாகத் தோன்றினால், கடித்ததை ஒரு பாட்டிலில் பிடியுங்கள், நசுங்கியிருந்தாலும் பரவாயில்லை, டாக்டரிடம் கொண்டுபோய்க் காட்டுங்கள். கீறாதீர்கள், சுடாதீர்கள், வாயால் உறிஞ்சாதீர்கள். சோப்பும் தண்ணீரும் போட்டுக் கழுவினால் போதும். இரவில் எது கடித்தது என்று தெரியாமல், வயிற்றுவலியோ இமைச் சரிவோ வந்தால் விடியும்வரை காத்திருக்காமல் விருத்தாசலத்துக்கு வண்டி பிடியுங்கள், இல்லையென்றால் 108ஐக் கூப்பிடுங்கள். காய்ச்சலோடு டாக்டரிடம் போகும்போது அக்குளும் இடுப்பும் பார்த்துவிட்டுப் போங்கள். கறுத்த பொருக்கு எங்காவது இருந்தால் வெட்கப்படாமல் சொல்லுங்கள். அதைச் சொல்லாமல் மறைத்ததால் காலம் கடந்துபோன நோயாளிகள் நம் மாவட்டத்திலேயே இருக்கிறார்கள்.